திருடனுக்குக் கொடுத்த குரல்

எனக்கு இரண்டு வேலை. இரண்டையும் எங்கள் தெருவில் யாரும் வேலை என்று ஒத்துக்கொள்வதில்லை. குழந்தைகளுக்குக் கதைப் புத்தகம் எழுதுகிறேன். கைபேசியில் ஓடும் விளையாட்டுகளுக்கு நிரலும் எழுதுகிறேன். எது முழு நேரம், எது மிச்ச நேரம் என்பது அந்த மாதம் எது சோறு போடுகிறது என்பதைப் பொறுத்தது. வேங்கிக்காலில், கலெக்டர் ஆபீசுக்குப் பின்னால் புதிதாக முளைத்த தெருக்களில் ஒன்றில் எங்கள் வீடு. கீழே அண்ணன் குடும்பம், மாடியில் நான். சுற்றிலும் அரசாங்க உத்தியோகக்காரர்கள். காலையில் குளித்து, டிபன் பாக்ஸோடு வண்டியை எடுத்துக்கொண்டு போனால்தான் இங்கே அது வேலை. மாடியில் நைட்டியோடு உட்கார்ந்து ஒரு கீரிப்பிள்ளையைக் குதிக்க வைப்பவளுக்கு என்ன பெயர் சொல்வது? எதிர்வீட்டில் மளிகைக்கடை வைத்திருக்கும் அக்கா ஒரு தடவை தன் சொந்தக்காரர்களிடம் என்னைக் காட்டி, "இது கம்ப்யூட்டர்ல பொம்மை ஆட்டுற பொண்ணு" என்றார். என்னைப் பற்றி இதுவரை யாரும் இவ்வளவு சரியாகச் சொன்னதில்லை.

முதலில் சென்னையில்தான் இருந்தேன். பெரிய கம்பெனி எல்லாம் இல்லை. மூன்றாவது மாடியில் ஒரு ஹால், ஏழெட்டுப் பேர், எப்போதும் ரிப்பேரில் இருக்கும் லிஃப்ட். பள்ளம் தாண்டும் விளையாட்டு, பலூன் உடைக்கும் விளையாட்டு என்று மாதத்துக்கு ஒன்றாகச் செய்து தள்ளினோம். ஒரு குழந்தை எந்த இடத்தில் சலித்துப்போய் விளையாட்டை மூடுகிறது என்பது எங்கள் திரையில் கோடு கோடாகத் தெரியும். அந்த இடத்தில் எதை வைத்தால் குழந்தை போகாமல் இருக்கும் என்று கண்டுபிடிப்பதற்குத்தான் எனக்குச் சம்பளம். ஒரு சத்தம் வைக்கலாம், ஒரு பரிசு வைக்கலாம், கொஞ்சம் பயம் வைக்கலாம். மூன்றில் பயம்தான் ஜாஸ்தி வேலை செய்யும் என்று அங்கேதான் கற்றுக்கொண்டேன்.

கதை எழுத ஆரம்பித்தது அந்தக் கோடுகளிலிருந்து தப்பிக்கத்தான். விடுதி அறையில் உட்கார்ந்து ஒரு தவளையைப் பற்றி எழுதினேன். சின்னப் பதிப்பகம் ஒன்று அதைப் படம் போட்டு வெளியிட்டது. அதைப் படித்த குழந்தை எந்தப் பக்கத்தில் மூடியது, எந்தப் பக்கத்தில் கொட்டாவி விட்டது என்று எனக்குத் தெரியவே தெரியாது. அப்பாடா என்று இருந்தது. நாலைந்து புத்தகங்கள் வந்த பிறகு, வீட்டிலிருந்தே வேலை செய்யலாம் என்று கம்பெனியில் சொன்னார்கள். மூட்டையைக் கட்டிக்கொண்டு ஊருக்கு வந்துவிட்டேன்.

ஊருக்கு வந்த பிறகு இரண்டு வேலையும் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டன. என் கீரிக்குட்டிக் கதையைக் கம்பெனி முதலாளி எப்படியோ படித்துவிட்டு, இதையே விளையாட்டாகச் செய்துவிடலாம் என்றார்.

கதை சின்னதுதான். மலையடிவாரத்தில் ஒரு வளைக்குள் கீரிக்குட்டி ஒன்று இருக்கிறது. அம்மா இரை தேடப் போயிருக்கிறது. அந்த மலையில் குரல் திருடன் ஒருவன் உண்டு. அவன் வளை வாசலில் நின்று குட்டியைக் கூப்பிடுவான். குட்டி பதில் சொன்னால் அதன் குரலைப் பிடுங்கிக்கொண்டு போய்விடுவான். ஆனால் அவனால் தொடர்ந்து இரண்டு தடவைதான் கூப்பிட முடியும். மூன்றாவது தடவை கூப்பிட அம்மாவால்தான் முடியும். இதை நான் ஒன்றும் கற்பனை செய்யவில்லை. இருட்டிய பிறகு வெளியிலிருந்து யாராவது பெயர் சொல்லிக் கூப்பிட்டால், மூன்று தடவை கூப்பிட்ட பிறகுதான் 'ஏன்' என்று கேட்க வேண்டும் என்று எங்கள் பக்கத்தில் எல்லா வீட்டிலும் சொல்லித்தான் வளர்ப்பார்கள். கணினி படித்த எனக்கே இன்றைக்கும் முதல் தடவை கூப்பிட்டால் வாய் சட்டென்று திறக்காது.

கதையில், 'திருடன் கூப்பிட்டான், கீரிக்குட்டி இன்னும் உள்ளே போனது' என்று எழுதியிருந்தேன். விளையாட்டில் அது தானாகப் போகாது. குழந்தை விரலால் தள்ளினால்தான் போகும். திருடன் குரல் கேட்டால் உள்ளே தள்ள வேண்டும். அம்மா மூன்று தடவை கூப்பிட்டால் வெளியே கொண்டுவர வேண்டும். அவ்வளவுதான் விளையாட்டு. குழந்தையைக் கதைக்குள்ளேயே இழுத்து வந்துவிட்டேன் என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

அண்ணன் மகளுக்கு அப்போது ஏழு வயது. பள்ளிக்கூடத்தில் வேறு பெயர். வீட்டில் அவள் குட்டி. கீரிக்குட்டியின் குட்டியும் அவள் பெயரிலிருந்து வந்ததுதான். அரைகுறையாகச் செய்த விளையாட்டை எல்லாம் முதலில் விளையாடிப் பார்ப்பவள் அவள்தான். சம்பளம் தேன்மிட்டாய். கம்பெனியில் யாரும் கேட்காத கேள்வியை எல்லாம் கேட்பாள். ஒருநாள், "அத்தை, அம்மா ரெண்டு தடவ கூப்ட்டுட்டு, நடுவுல திருடன் கூப்ட்டா, அப்புறம் அம்மா ஒரு தடவ கூப்ட்டா, அது மூணா?" என்று கேட்டாள். நான் அதை யோசிக்கவே இல்லை. "நீயே சொல்லு" என்றேன். விரலை மடக்கி எண்ணிப் பார்த்துவிட்டு, "இல்ல. நடுவுல வேற குரல் வந்தா மொதல்லேர்ந்து எண்ணணும். இல்லாட்டி திருடன் ஏமாத்திடுவான்" என்றாள். அப்படியே நிரலில் எழுதிவிட்டேன். நடுவில் வேறு குரல் கேட்டால் எண்ணிக்கை மறுபடி பூஜ்யம்.

குரல் கொடுக்க ஆள் வைக்க வசதியில்லை. அம்மா கீரிக்கு அண்ணியிடம் கேட்டேன். அண்ணி கலெக்டர் ஆபீசில் தற்காலிக வேலையில் இருப்பவர், அளந்து பேசுவார். "குட்டின்னு மூணு தடவ கூப்பிடணும், அவ்ளோதானா? இதுக்கா இவ்ளோ பெரிய மைக்கு?" என்று சொல்லிவிட்டு, சாப்பிடக் கூப்பிடுகிற மாதிரி மூன்று தடவை கூப்பிட்டுவிட்டுக் குழம்பைப் பார்க்கப் போய்விட்டார். திருடன் குரலை மட்டும் நான் கொடுத்தேன். எங்கள் தெருவில் ஹாரன் சத்தம் ஓயாது என்பதால், செங்கம் ரோட்டில் வெளிநாட்டுக்காரர்கள் தங்கும் ஒரு வீட்டில் அறை எடுத்து, கம்பளிக்குள் தலையை விட்டுக்கொண்டு பேசினேன். என் சொந்தக் குரல்தான். அதைக் கொஞ்சம் இழுத்து, கொஞ்சம் அன்பாக, சொல்லின் வாலை மட்டும் மேலே தூக்கி, "குட்டீ... குட்டீ..." என்று கூப்பிட்டேன். வெளியே ஒரு மயில் அகவியதும் சேர்ந்து பதிவாகிவிட்டது. திரும்பக் கேட்டபோது எனக்கே முதுகு சில்லிட்டது. அதை அப்படியே வைத்துக்கொண்டேன்.

குட்டிக்கு அந்த விளையாட்டென்றால் உயிர். கைபேசி கொடுக்காத நேரத்தில் என் பழைய துப்பட்டா ஒன்றை இடுப்பில் வால் மாதிரி கட்டிக்கொண்டு கட்டிலுக்கு அடியில் போய் உட்கார்ந்துகொள்வாள். அண்ணி மூன்று தடவை கூப்பிட்டால்தான் வருவாள். "உன்னால ஒரு வேலைக்கு மூணு தடவ கத்த வேண்டியதா இருக்குது" என்று அண்ணி என்னைத் திட்டுவார். திட்டும்போது சிரிப்பும் இருக்கும்.

அந்த மழைநாளைப் பற்றி இனிமேல்தான் சொல்ல வேண்டும்.

எங்கள் ஊருக்கு மழையென்றால் முன்பெல்லாம் சந்தோஷம்தான். ஒரு வருஷம் பெய்த மழையில் ஊரையொட்டிய மலையிலிருந்து பாறையும் மண்ணும் சரிந்து வந்த பிறகு, வானம் கறுத்தாலே எல்லார் முகமும் மலையைப் பார்த்துத் திரும்பும். அன்றைக்குப் பலத்த மழை என்று சொல்லிப் பள்ளிக்கூடங்களுக்கு விடுமுறை விட்டிருந்தார்கள். மழை நாளில் அண்ணிக்கு ஆபீசில் விடுப்பு கிடைக்காது; அன்றைக்குத்தான் கூடுதலாக வேலை. அண்ணன் கீழ்பென்னாத்தூரில் மல்லாட்டைக் கடலை லோடு ஏற்றப் போயிருந்தார். "மாடிக்குக் கூட்டிட்டுப் போயிடு, வெளிய உடாத" என்று அண்ணி என்னிடம் சொல்லிவிட்டு வண்டியை எடுத்தார். "நான் பாத்துக்கறேன் அண்ணி, நீங்க போங்க" என்றேன்.

மதியம் வரைக்கும் ஒரு பொட்டு மழை இல்லை. சாப்பிட்டோம். குட்டி துப்பட்டா வாலைக் கட்டிக்கொண்டு என் மேசைக்கு அடியில் இருந்தாள். கம்பெனியிலிருந்து அழைப்பு வந்தது. ஹெட்போனைக் காதில் மாட்டிக்கொண்டு பேச ஆரம்பித்தேன். எல்லாம் கீரிக்குட்டியைப் பற்றித்தான். குழந்தைகள் அதை விடாமல் விளையாடுகிறார்கள், இன்னும் பத்து லெவல் வேண்டும் என்றார்கள். நானும் உற்சாகமாகப் பேசிக்கொண்டே போனேன். பேசி முடித்துக் காதிலிருந்து எடுத்தபோதுதான் வெளியே சடசடவென்று மழை விழும் சத்தம் கேட்டது. மேசைக்கு அடியில் யாரும் இல்லை.

முதலில் பயம் வரவில்லை. கீழே போயிருப்பாள் என்று இறங்கினேன். கட்டிலுக்கு அடியில், பீரோவுக்குப் பின்னால், பாத்ரூமில் பார்த்தேன். வாசல் கதவு திறந்து கிடந்தது. தெருவுக்கு ஓடினேன். மழை கண்ணை மறைத்தது. "குட்டி!" என்று கத்தினேன். கடை அக்கா சாக்கைத் தலைக்குப் போட்டுக்கொண்டு வெளியே வந்தார். "இப்பதானே வாலு கட்டிகினு இப்படி ஓடுச்சு. வீட்டுக்குப் போயிருக்கும்னு நெனச்சேன்" என்றார். அவர் கை காட்டியது தெருக்கோடிப் பக்கம்.

தெருக்கோடியில் மழைத்தண்ணீர் ஏரிப் பக்கம் போவதற்குப் பள்ளம் வெட்டி, பெரிய சிமெண்ட் குழாய்களை வரிசையாக இறக்கிச் சேர்த்து வைத்திருந்தார்கள். மண் போட்டு மூடும் வேலை பாக்கி. மழை என்பதால் அன்றைக்கு வேலையாட்கள் யாரும் வரவில்லை. அந்தப் பள்ளத்தைப் பார்த்தபோதே என் கால் பின்வாங்கியது. வேறெங்காவது இருப்பாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு, கட்டி முடிக்காத வீடுகளில் எல்லாம் நுழைந்து தேடினேன். அண்ணிக்குப் போன் செய்தேன். என்ன சொன்னேன் என்று ஞாபகமில்லை. அந்தப் பக்கம் அண்ணி உடனே வைத்துவிட்டார். தெருவில் அதற்குள் பத்துப் பதினைந்து பேர் கூடிவிட்டார்கள். ஆளுக்கொரு திசையில் நின்று, "குட்டி, குட்டி" என்று கூப்பிட்டார்கள். யாரோ ஏரி என்றார்கள். யாரோ காலையில் புது ஆள் ஒருவன் சுற்றிக்கொண்டிருந்தான் என்றார்கள். எல்லாவற்றையும் நம்பினேன்.

கடைசியில் பள்ளத்துக்கே போய் எட்டிப் பார்த்தேன். குழாயின் வாயருகே, சேற்றில், என் துப்பட்டா கிடந்தது.

பள்ளத்தில் குதித்தேன். கணுக்கால் வரை தண்ணீர். தெருவின் தண்ணீரெல்லாம் அதில்தான் வந்து விழுந்து, சுழித்துக்கொண்டு குழாய்க்குள் போனது. குழாய் பெரியவர்கள் தவழ்ந்து போகும் அகலம் இல்லை. குனிந்து தலையை உள்ளே விட்டேன். ஒரே இருட்டு. இருக்கிற மூச்சை எல்லாம் சேர்த்து, "குட்டீ..." என்று கூப்பிட்டேன்.

உள்ளே ஏதோ அசைந்தது. முட்டியும் கையும் சிமெண்டில் உரசும் சத்தம். உயிரோடு இருக்கிறாள்! எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. "குட்டீ, அத்தை வந்திருக்கேன், வா!" என்று மறுபடி கூப்பிட்டேன். மறுபடி அந்த உரசல் சத்தம். ஆனால் அது கிட்டே வரவில்லை. தள்ளிப் போனது.

நடுவில் மேலேயிருந்து யாரோ கூப்பிட்டார்கள். நான் இன்னும் சத்தமாகக் கூப்பிட்டேன். இன்னும் தள்ளிப் போனது. என் பின்னால் நின்றிருந்த கடை அக்கா, "ஏம்மா இப்படி இழுத்து இழுத்துக் கூப்பிடற? கேக்கறவங்களுக்கே பயமா இருக்குது" என்றார். அப்போதுதான் என் காதில் என் குரல் விழுந்தது. மழைச் சத்தத்துக்கு மேலே கேட்பதற்காக நான் குரலை இழுத்து, வாலை மேலே தூக்கித்தான் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன். குழாய்க்குள் போய் அது அப்படியே கம்பளிக்குள் பேசிய குரலாக ஆகியிருந்தது.

அவளைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது திருடன்.

இரண்டு கைகளாலும் வாயைப் பொத்திக்கொண்டேன். அந்த மாதிரி ஒரு பயம் அதற்கு முன்னும் எனக்கு வந்ததில்லை, அதற்குப் பின்னும் வந்ததில்லை. தொலைந்துபோன குழந்தையைத் தேடும்போது இருந்தது வேறு பயம். அதில் ஓடலாம், கத்தலாம். இதில் நான் வாயைத் திறந்தாலே அவள் இன்னும் ஓர் அடி உள்ளே போவாள். இத்தனை நேரம் நான் கூப்பிட்ட கூப்பாடு எத்தனை அடி? குழாயின் அந்தப் பக்கம் போய்ப் பார்த்துவிட்டு ஓடிவந்த கடை அக்காவின் வீட்டுக்காரர் மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னார்: "ஏரிப் பக்கம் குழா வாய் முழுகிப்போச்சு. தண்ணி ஏறிகினே இருக்குது." தீயணைப்பு நிலையத்துக்குப் போன் போட்டிருந்தார்கள், வருகிறோம் என்று சொல்லியிருந்தார்கள். கீழ் முனையில் தண்ணீர் மேலேறுகிறது. மேல் முனையில் நான் நின்றுகொண்டு அவளை அந்தத் தண்ணீர்ப் பக்கம் துரத்தியிருக்கிறேன்.

அண்ணியின் வண்டி வந்தது. ஸ்டாண்டுகூடப் போடவில்லை, வண்டி ஒரு பக்கம் விழ, அண்ணி இந்தப் பக்கம் ஓடிவந்தார். பள்ளத்தில் இறங்கி, குழாய்க்குள் கையை விட்டு, "குட்டீ! ஐயோ, குட்டிம்மா!" என்று அலறினார். உள்ளே சத்தமில்லை. போகவும் இல்லை, வரவும் இல்லை. அண்ணி அலறியதைப் பார்த்து மேலே நின்றவர்களும் சேர்ந்து கூப்பிட ஆரம்பித்தார்கள். ஆண் குரல், பெண் குரல், கிழவர் குரல் எல்லாம் கலந்து விழுந்தன. நடுவில் வேறு குரல் வந்தால் முதலிலிருந்து எண்ண வேண்டும். இந்தத் தெருவே கூடி நின்று கூப்பிட்டால் அவள் சாகும்வரை மூன்று வராது.

எல்லாரையும் வாயை மூடச் சொல்லிக் கத்த வேண்டும். என்னால் கத்த முடியாது. கையெடுத்துக் கும்பிட்டேன். உதட்டில் விரலை வைத்துக் காட்டினேன். பைத்தியம் பிடித்துவிட்டது என்று நினைத்திருப்பார்கள். கடை அக்காவின் புடவையைப் பிடித்து இழுத்து அவர் காதில், "நான் பேசினா உள்ள போறா. யாரும் கூப்பிடக் கூடாது. அண்ணி மட்டும்" என்று கிசுகிசுத்தேன். அவருக்கு என்ன புரிந்ததோ தெரியாது. கடையில் கடன் கேட்பவர்களை விரட்டும் குரலில், "எல்லாரும் வாய மூடுங்க! ஒருத்தரும் மூச்சு உடக் கூடாது!" என்று ஒரு போடு போட்டார். தெரு அடங்கியது. மழை மட்டும் பெய்துகொண்டிருந்தது.

அண்ணியின் காதோடு வாயை வைத்துச் சொன்னேன்: "அவ விளையாடறா அண்ணி. கீரிக்குட்டி. நீங்க மூணு தடவ கூப்பிட்டாதான் வருவா."

அண்ணி என்னைத் திரும்பிப் பார்த்தார். "வெளையாட்டா?" என்றார். அந்த ஒரு சொல்லில் என்னை அங்கேயே புதைத்துவிடலாம் போலிருந்தது. ஆனால் உடனே குழாய்ப் பக்கம் திரும்பினார். "குட்டீ..." என்று ஆரம்பித்தார், குரல் உடைந்து அழுகையாகிவிட்டது. உள்ளே அசைவில்லை. மறுபடி கூப்பிட்டார், மறுபடி உடைந்தது. அது அவள் அம்மாவின் குரலே இல்லை. அழுகிற குரலை அவள் அதற்கு முன் கேட்டதே கிடையாது. திருடன் அம்மா மாதிரி பேசிப் பார்க்கிறான் என்று நினைத்துக்கொண்டு இருட்டில் ஒண்டிக்கிடந்திருப்பாள்.

தண்ணீர் என் கெண்டைக்காலுக்கு வந்துவிட்டது.

அண்ணியின் முகத்தை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டேன். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து நான் அவரைத் தொட்டுப் பேசியதில்லை. "அழாதீங்க அண்ணி. சாப்பிடக் கூப்பிடற மாதிரி கூப்பிடுங்க. அடுப்புல குழம்பு இருக்குது. அவ கட்டிலுக்கு அடியில இருக்கறா. அப்படி நெனச்சுக்கங்க" என்று சொன்னேன். அண்ணி புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார்; ஈரத்தால் ஈரத்தைத் துடைத்தால் எங்கே துடைபடும்! கண்ணை மூடிக்கொண்டார். ஒரு மூச்சு இழுத்து விட்டார். பிறகு சாதாரணமாக, கொஞ்சம் சலிப்புகூடச் சேர்த்து, "குட்டி" என்றார்.

யாரும் அசையவில்லை.

"குட்டி."

பள்ளத்துக்கு மேலே யாரோ ஒரு அம்மாளுக்கு விம்மல் வெடித்தது. கடை அக்கா அவர் வாயைப் பொத்திவிட்டார். அந்த விம்மல் உள்ளே கேட்டிருக்குமோ, கணக்கு மறுபடி பூஜ்யமாகியிருக்குமோ? நான் சாமியைக் கும்பிடவில்லை. அந்தச் சமயத்தில் என் மனம் எந்தச் சாமியிடமும் போகவில்லை. என் நிரல் எங்கேயாவது தவறியிருக்கக் கூடாதே என்று மட்டும் நினைத்துக்கொண்டிருந்தேன்.

"குட்டி" என்று மூன்றாவது தடவை கூப்பிட்டார் அண்ணி. "வா, சோறு ஆறுது."

உள்ளேயிருந்து, வெகு தூரத்திலிருந்து, "வரேம்மா" என்று குரல் வந்தது.

அவள் வந்து சேர்வதற்குள் எனக்கு ஒரு ஆயுசு போய்விட்டது. எதிர்த்து ஓடும் தண்ணீரில் முட்டி போட்டுக்கொண்டு மேலே ஏறி வர வேண்டும். நடுவில் ஒரு தடவை உரசல் சத்தம் நின்றது. அண்ணி வாயைத் திறக்கவில்லை. என் கையை மட்டும் எலும்பு நொறுங்குவது போல் பிடித்திருந்தார். மறுபடி சத்தம் வந்தது. முதலில் ஒரு கை தெரிந்தது, பிறகு சேறு அப்பிய தலை. கடை அக்காவின் வீட்டுக்காரர் அக்குளில் கை கொடுத்து அவளை வெளியே இழுத்தார். கழுத்து வரை நனைந்திருந்தாள். முட்டி இரண்டும் தோல் உரிந்து கிடந்தன. அண்ணி முதலில் முதுகில் ஓங்கி ஒரு அடி வைத்தார். பிறகு மடியில் அள்ளிப் போட்டுக்கொண்டு அந்தத் தண்ணீரிலேயே உட்கார்ந்துவிட்டார்.

குட்டிக்கு எதற்கு அடி என்றே புரியவில்லை. சுற்றி நின்ற கூட்டத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "தண்ணி வந்துச்சு அத்தை. ஆனா திருடன் போவவே இல்ல. அதான் உள்ளயே இருந்தேன்" என்றாள். அவள் முகத்தில் பயத்தின் சாயலே இல்லை. சரியாகச் செய்து முடித்த முகம் அது. அவள் எதிரே வாயைத் திறக்கவே பயமாக இருந்தது.

அண்ணன் வந்தார், டாக்டரிடம் போனோம், ஊசி போட்டார்கள், எல்லாம் சரியாகிவிட்டது. தெருவில் ஒரு வாரம் அதே பேச்சு. பிறகு யாரோ வீடு விற்கிற கதை வந்து அதை மூடிவிட்டது. அண்ணி என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். நாலைந்து நாள் கழித்து, மாடிக்குத் துணி காயப்போட வந்தவர், கிளிப்பை மாட்டிக்கொண்டே, "அந்தத் திருடனுக்கு வேற யார் குரலாவது வெச்சுடு. வீட்டு மனுஷங்க குரல் வேணாம்" என்றார்.

நான் வேறு குரல் வைக்கவில்லை. திருடனையே எடுத்துவிட்டேன். கம்பெனியில் கோபப்பட்டார்கள். அந்த இடத்தில்தான் குழந்தைகள் ஜாஸ்தி நேரம் நிற்கிறார்கள் என்று கோடுகளை அனுப்பினார்கள். அதற்கு முன்பு அந்தக் கோடுகளைப் பார்த்துப் பூரித்துப் போனவள்தான் நான். இந்தத் தடவை ஒவ்வொரு கோடும் எங்கோ இருட்டில் ஒண்டிக்கிடக்கும் ஒரு குழந்தையாகத் தெரிந்தது. அவற்றை முழுதாகப் பார்க்காமலே மூடிவிட்டேன். அந்த விளையாட்டை வேறு ஒருவரிடம் கொடுத்தார்கள். எனக்கு அதில் வருத்தமில்லை.

புத்தகம் மட்டும் எழுதலாம் என்று உட்கார்ந்தேன். அதுவும் வரவில்லை. ஓர் அணில்குஞ்சைப் பற்றி ஆரம்பித்தேன். 'அணில்குஞ்சு உச்சிக் கிளைக்கு ஏறியது' என்று எழுதியதும் எந்த ஊரிலோ ஒரு குழந்தை மொட்டைமாடிக் கைப்பிடிச் சுவரில் கால் வைப்பது தெரிந்தது. அடித்தேன். 'ஓடையில் இறங்கியது' என்றேன். அடித்தேன். அம்மாவிடம் சொல்லாமல் கிளம்பியது, இருட்டில் நடந்தது, தெரியாதவனோடு பேசியது. ஒவ்வொன்றாக அடித்துக்கொண்டே வந்ததில் கடைசியில் பக்கத்தில் அணில்குஞ்சு மட்டும்தான் மிச்சம். புத்தகம் என்றால் யார் எங்கே மூடினார்கள் என்று தெரியாது என்று ஒரு காலத்தில் நிம்மதியாக இருந்தேனே, அந்தத் தெரியாமைதான் இப்போது என் கழுத்தைப் பிடித்தது. குட்டி எந்தக் குழாய்க்குள் போனாள் என்றாவது எனக்குத் தெரிந்தது. மற்றவர்கள் எங்கே போனார்கள்?

பள்ளிக்கூடம் திறந்த பிறகு ஒரு சாயங்காலம் குட்டி மாடிக்கு வந்தாள். முட்டியில் புண் காய்ந்து பொருக்கு கட்டியிருந்தது. சீருடைகூட மாற்றவில்லை. என் நாற்காலிக்குப் பக்கத்தில் நின்று, அடித்தல் திருத்தலாகக் கிடந்த காகிதத்தைப் பார்த்தாள். எழுத்துக் கூட்டிப் படித்தாள்.

"அத்தை, அடுத்த கதையா?"

"ம்."

"இதுல நான் எங்க போவணும்?"

கையிலிருந்த பேனாவை மேசையில் வைத்துவிட்டேன். அவளை இழுத்து மடியில் உட்கார வைத்துக்கொண்டேன். தலையில் வெயிலும் எண்ணெயும் சேர்ந்த பள்ளிக்கூட வாசனை. "எங்கயும் போவ வேணாம். இங்கயே இரு" என்றேன்.

குட்டிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "அப்பிடின்னா கதையே வராதே அத்தை" என்றாள்.

அவள் சொன்னது சரிதான். எனக்குப் பயமாக இருந்தது.